காந்தஹார் கோட்டைச் சாவி: சபவி எல்லை மாகாணம் உள்ளிருந்தே கைநழுவியது ஏன்?

#1 கோட்டைவாசல் எழுதியது:

ஈரானை ஆண்ட சபவி பேரரசு என்றாலே பேச்சு தலைநகர் இஸ்ஃபஹானின் நீல மாடங்களுக்குப் போய்விடுகிறது. நான் சில மாதங்களாகக் காந்தஹாரைப் பற்றி மட்டும் தேடித்தேடிப் படித்துக்கொண்டிருக்கிறேன். பேரரசின் கிழக்கு மூலை, இன்றைய ஆப்கானிஸ்தானில் இருக்கிறது. அந்தப் பக்கம் முகலாயர், வடக்கே உஸ்பெக்குகள், சுற்றிலும் ஆப்கன், பலூச் குடிகள். இந்த ஒரு கோட்டையின் கதையைப் பிடித்துக்கொண்டு போனால் சபவிகள் எல்லை மாகாணத்தை எப்படி ஆண்டார்கள், எங்கே சறுக்கினார்கள் என்பது நன்றாகவே தெரிகிறது.

முதலில் கணக்கைச் சொல்லிவிடுகிறேன். 1558இல் ஷா தஹ்மாஸ்ப் காந்தஹாரை எடுத்தார். 1595இல் அது அக்பரிடம் போனது. 1622இல் ஷா அப்பாஸ் மீட்டார். 1638இல் ஷாஜஹானிடம் போனது. 1649 பிப்ரவரியில் இரண்டாம் அப்பாஸ் மீட்டார். 1709இல் மிர்வைஸ் ஹோத்தகி எடுத்துக்கொண்டார், அதன்பின் சபவிகளுக்கு அது திரும்பவே இல்லை. மூன்று முறை கிடைத்தது, மூன்று முறை போனது.

போன மூன்று முறையும் ஒருவரும் மதிலை உடைக்கவில்லை. 1595இல் ஆளுநராக இருந்த சபவி இளவரசர் முஸஃபர் ஹுசைன் மிர்சாவே கோட்டையை ஒப்படைத்தார். 1638இல் ஆளுநர் அலி மர்தான் கான் தானே கதவைத் திறந்துவிட்டார். 1709இல் ஆளுநர் குர்கீன் கானை அவருக்குக் கீழே பொறுப்பில் இருந்த உள்ளூர்த் தலைவரே கொன்றார். இன்னொரு பக்கம், 1649, 1652, 1653 என்று முகலாயர்கள் மூன்று முறை பெரும்படையோடு வந்து முற்றுகையிட்டார்கள். முதல் இரண்டும் ஔரங்கசீப், மூன்றாவது தாரா ஷுகோ. மூன்றும் தோற்றன.

அதனால் என் எண்ணம் இதுதான்: காந்தஹாரின் பலவீனம் மதிலில் இல்லை, தலைநகருக்கும் ஆளுநருக்கும் நடுவே இருந்த அச்சத்தில் இருந்தது. மறுப்பு இருந்தால் தாராளமாகச் சொல்லுங்கள்.

#2 நெய்தல்வெளி எழுதியது:

நல்ல இழை, நன்றி. சின்ன சந்தேகம். இது காந்தாரி பிறந்த காந்தாரம்தானே?

#3 ஏட்டுச்சுவடி எழுதியது:

இல்லைங்க, பலருக்கும் வரும் குழப்பம்தான் இது. பழைய காந்தார நாடு பெஷாவர் சமவெளி, தட்சசீலம் பக்கம். காந்தஹார் அங்கிருந்து தென்மேற்கே வெகு தொலைவு, கிரேக்கர்கள் அரகோசியா என்று சொன்ன பகுதி. கிரேக்கத்திலும் அரமேயத்திலும் செதுக்கிய அசோகர் கல்வெட்டு 1958இல் கிடைத்தது இந்தக் காந்தஹாரில்தான். ஆக ஊர் பழையது, பேர் ஒலிப்பதுதான் ஒன்றுபோல.

கோட்டைவாசல், நீங்கள் சொல்லும் அச்சம் தனி ஆட்களின் குணத்தால் மட்டும் வந்ததில்லை. அமைப்பிலேயே அது இருந்தது. கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன்.

எல்லை மாகாணத்தின் தலைமை ஆளுநருக்கு பெக்லர்பெகி என்று பெயர். பெக்குகளுக்கெல்லாம் பெக் என்று பொருள். சபவி ஆட்சியின் கடைசிக் காலத்தில், 1720களில் எழுதிய தத்கிரத் அல்-முலூக் என்ற நிர்வாகக் கையேடு 13 பெக்லர்பெகிகளை வரிசையாகச் சொல்கிறது. அதில் முதல் பெயரே காந்தஹார்தான். இந்த பெக்லர்பெகி மாகாண வருமானத்தை வைத்தே படை வைத்துக்கொள்வார், அதிகாரிகளுக்கு தியூல் என்ற வருவாய் மானியம் பிரித்துக் கொடுப்பார், அரசருக்கு ஆண்டுதோறும் காணிக்கை அனுப்புவார். போர் வந்தால் படையோடு போய் நிற்பார். கிட்டத்தட்ட குட்டி அரசர்.

ஆனால் அவரைத் தனியாக விடவில்லை. மாகாண வஜீரை நியமிப்பது தலைநகர், அவர் கணக்கு பார்ப்பார். வாகியா நவீஸ் என்ற செய்தி எழுத்தர் நடப்பதையெல்லாம் எழுதி நேரே அரசவைக்கு அனுப்புவார். கோட்டைக் காவலுக்குத் தனித் தளபதி. பிரெஞ்சு நகை வியாபாரி ஷார்தான் 1660, 70களில் ஈரானில் பல வருடம் இருந்தவர், இதையெல்லாம் கவனித்து எழுதியிருக்கிறார். ஆளுநர் பக்கத்திலேயே அரசருக்கு நேரடியாகக் கடிதம் எழுதும் ஆட்கள் இருப்பதுதான் அவரைக் கட்டுக்குள் வைக்கும் வழி.

இது தவிர கலாந்தர் என்று ஒருவர். (ஊர் ஊராகத் திரியும் கலந்தர் துறவி வேறு, இவர் வேறு.) வரி கட்டும் மக்களுக்கும் அரசுக்கும் நடுவே நிற்கும் உள்ளூர்ப் பெரியவர் இவர். மக்களுடைய முறையீட்டை மேலே கொண்டுபோவதும் வரியைப் பங்கிட்டு வசூலிப்பதும் இவர் வழியாகத்தான். இந்தப் பதவியை மறக்காமல் வைத்துக்கொள்ளுங்கள், 1709க்கு வேண்டும்.

#4 மணல்மேடு எழுதியது:

கோட்டைவாசல், உங்கள் கணக்கு பார்க்க அழகாக இருக்கிறது. ஆனால் நிலத்தையும் பணத்தையும் மறந்துவிட்டீர்கள் என்று நினைக்கிறேன்.

இஸ்ஃபஹானிலிருந்து காந்தஹாருக்கு இரண்டு வழி. ஒன்று கெர்மான், சீஸ்தான் வழியாகப் பாலைவனத்தைத் தொட்டுக்கொண்டு. இன்னொன்று ஹெராத், ஃபராஹ் வழியாகச் சுற்றிக்கொண்டு. எதில் போனாலும் படைக்கும் தீவனத்துக்கும் வாரக்கணக்கில் ஏற்பாடு வேண்டும். முகலாயர் பக்கம் காபூல், கஜ்னி வழி குளிர்காலத்தில் பனியால் அடைபடும், முல்தானிலிருந்து வந்தால் போலன் கணவாய் ஏற வேண்டும். இரண்டாம் அப்பாஸ் நடுக் குளிர்காலத்தில் படை கொண்டுபோனதால்தான் 1649இல் ஜெயித்தார், உதவிப்படை வந்துசேரும் முன்பே முகலாயத் தளபதி தௌலத் கான் சரணடைந்துவிட்டார். முகலாயர்கள் மூன்று முறை தோற்றதற்கும் காரணம் இதேதான். கோடையில் வந்து, குளிர் தொடங்குமுன் திரும்பியாக வேண்டும். கோட்டைக்குள் தானியம் இருந்தால் போதும், காலமே காப்பாற்றும். ஈரானியப் பீரங்கிக்காரர்கள் கைதேர்ந்தவர்கள் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

அப்புறம் வணிகம். பாரசீக வளைகுடா வாயிலில் உள்ள ஹோர்முஸ் பக்கம் போர்த்துக்கீசியரோடு சண்டை நடந்த 1615 வாக்கில், வழக்கமாக 3,000 ஒட்டகச் சுமை போகும் காந்தஹார் பாதையில் 12,000 முதல் 14,000 வரை போனதாக அப்போது அந்த வழியே பயணம் செய்த ஆங்கில வணிகர்கள் எழுதினார்கள். அப்போது கோட்டை ஜஹாங்கீர் கையில். ஏழு வருடத்தில் ஷா அப்பாஸ் வந்து எடுத்துக்கொண்டார். அதே 1622இல்தான் ஹோர்முஸையும் பிடித்தார் என்பதைப் பாருங்கள். பாலைக்கு நடுவே இருக்கும் இந்த ஊரை இரு பேரரசும் விடாமல் பிடித்ததற்குக் காரணம் இந்தச் சுமைகள்தான். ஆளுநரின் மனநிலை இரண்டாம்பட்சம்.

#5 கோட்டைவாசல் எழுதியது:

மணல்மேடு, தொலைவு பற்றி நீங்கள் சொன்னதை முழுக்க ஏற்றுக்கொள்கிறேன். ஆனால் அந்தத் தொலைவேதான் என் வாதம். படை வந்துசேர மாதக்கணக்கில் ஆகும் இடத்தில் கோட்டையைக் காப்பது மதிலும் தானியமும் மட்டுமில்லை, உள்ளே இருப்பவருடைய மனம்தான். உதவி வரும் என்று நம்பினால் பசியோடும் நிற்பார். உதவிக்குப் பதில் தன் தலைக்கு ஆணை வரும் என்று நினைத்தால் வேறு வழி தேடுவார்.

அலி மர்தான் கானை எடுத்துக்கொள்வோம். இவர் கதையைச் சற்று நிதானமாகச் சொல்லத்தான் வேண்டும். அவருடைய அப்பா கஞ்ச் அலி கான், குர்திய வழியில் வந்தவர், ஷா அப்பாஸின் இளமைக்காலத்திலிருந்தே கூட இருந்தவர். கெர்மானை 1596 முதல் இருபது வருடத்துக்கும் மேல் ஆண்டார். இன்றும் கெர்மானுக்குப் போனால் அவர் கட்டிய சதுக்கம், கடைத்தெரு, குளியல் கூடம், சத்திரம், நாணயச்சாலை எல்லாம் அவர் பேரில் நிற்கின்றன. ஷா அவரை ‘பாபா’ என்றுதான் அழைப்பாராம். 1622இல் காந்தஹார் கிடைத்ததும் அதையும் அவரிடமே கொடுத்தார். சில வருடத்தில் அவர் இறந்தபோது பதவி மகனுக்கு வந்தது, கூடவே ‘இரண்டாம் பாபா’ என்ற பட்டமும். இந்த அளவுக்கு உறவு.

1629இல் ஷா அப்பாஸ் இறந்து பேரன் ஷா சஃபி வந்தார். 1632இல் ஃபார்ஸ் மாகாணத்தை ஆண்ட இமாம் குலி கானையும் அவர் பிள்ளைகளையும் கொல்லச் செய்தார். ஹோர்முஸைப் பிடித்துக் கொடுத்த அதே இமாம் குலி கான். ஃபார்ஸ் முழுவதும் அரசரின் நேரடி வருவாய் நிலமாக மாறியது. 1634இல் சாரு தகி தலைமை வஜீராக வந்தார். கறாரான கணக்குக்காரர், கருவூலத்தை நிரப்புவதே வேலை. அவர் பார்வை காந்தஹார் பக்கம் திரும்பியது. பாக்கி எவ்வளவு என்று கேள்வி, அப்புறம் அரசவைக்கு வரச் சொல்லி அழைப்பு. அப்பாவின் நண்பராக இருந்த அரசர் போய்விட்டார். புதிய அரசர் அழைத்தபோது போனவர்கள் என்ன ஆனார்கள் என்பது ஊருக்கே தெரியும். அலி மர்தான் கான் ஷாஜஹானுக்கு ஆள் அனுப்பினார். 1638இல் முகலாயப் படை சண்டையே இல்லாமல் கோட்டைக்குள் வந்தது. காந்தஹாரோடு புஸ்த், ஜமீன்தாவர் கோட்டைகளும் போயின.

ஷா கேட்ட பாக்கி எத்தனையாக இருந்திருந்தாலும், போன மாகாணத்தின் மதிப்புக்கு அது ஈடாகாது. இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மனம் கனக்கிறது. ஒரு தலைமுறை கட்டிய உறவைச் சில வருடத்தில் தீர்த்துவிட்டார்கள்.

#6 ஏட்டுச்சுவடி எழுதியது:

சாரு தகி பக்கத்தையும் ஒருமுறை பார்க்க வேண்டும். மாகாணங்கள் இரண்டு வகை. மமாலிக் என்றால் ஆளுநர் ஆளும் மாகாணம், வருமானம் பெரும்பாலும் அங்கேயே படைக்கும் ஆளுநர் வீட்டுக்கும் செலவாகிவிடும். காஸ்ஸா என்றால் அரசரின் நேரடி நிலம், ஒரு வஜீர் வசூல் செய்து கருவூலத்துக்கு அனுப்புவார். அரசருடைய குலாம் படைக்கு, அதாவது ஜார்ஜிய, ஆர்மீனிய, சர்க்கேசிய அடிமைகளிலிருந்து எழுந்த படைக்கு, சம்பளம் கருவூலத்திலிருந்து போக வேண்டும். அதற்குப் பணம் வேண்டும். சண்டை இல்லாத உள்மாகாணத்தில் இத்தனை ஆடம்பரத்தோடு ஓர் ஆளுநர் எதற்கு என்பது அவர் கேள்வி. கேள்வியில் நியாயம் இருக்கிறது. இரண்டாம் அப்பாஸ் காலத்தில் 1650களில் ஹமதான், அர்தபீல், கெர்மான் என்று அடுத்தடுத்து காஸ்ஸாவாக மாறின.

ஷார்தான் இதைக் கடுமையாகக் குறை சொல்கிறார். ஆளுநர் அந்த ஊரிலேயே செலவழிப்பார், பாலம் கட்டுவார், பயிர் நன்றாக விளைந்தால்தான் தனக்கும் நல்லது என்று பார்ப்பார். வஜீர் சில வருடம் இருந்து பிழிந்து அனுப்பிவிட்டுப் போவார்.

எல்லை மாகாணத்தை மட்டும் இப்படி மாற்ற முடியவில்லை. படையில்லாத வஜீரை வைத்துக் காந்தஹாரைக் காக்க முடியுமா? அதனால் பெக்லர்பெகியும் வேண்டும், அவர் பணமும் வேண்டும், அவர் பலம் பெறவும் கூடாது. இந்த மூன்றும் ஒன்றாக நடக்காது.

#7 குளத்தங்கரை எழுதியது:

வரலாறு எனக்கு அவ்வளவு தெரியாது, படித்துக்கொண்டு மட்டும் இருந்தேன். #5ஐப் படித்ததும் எழுதத் தோன்றியது. நான் ஒரு நிறுவனத்தின் தொலைதூரக் கிளையில் ஒன்பது வருடம் பொறுப்பாளராக இருந்தேன். என்னைத் தெரிந்த மேலதிகாரி ஓய்வு பெற்றதும், வந்த புதியவர் முதல் வாரமே பழைய கணக்கு அத்தனையும் எடுத்துக்கொண்டு நேரில் வரச் சொன்னார். கணக்கில் ஒரு தவறும் இல்லை. இருந்தும் இரண்டு இரவு தூங்கவில்லை. எனக்குப் போனது தூக்கம் மட்டும்தான். அந்த மனிதருக்குத் தலையே போயிருக்கும். அவரைத் துரோகி என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

#8 மணல்மேடு எழுதியது:

1638ஐ விட்டுக்கொடுக்கிறேன். 1595ஐ ஒப்புக்கொள்ள மாட்டேன். முஸஃபர் ஹுசைன் மிர்சா ஷாவுக்கு மட்டும் பயந்து போகவில்லை. 1588இல் உஸ்பெக்குகள் ஹெராத்தைப் பிடித்துவிட்டார்கள், அடுத்தது காந்தஹார்தான். தம்பி ருஸ்தம் மிர்சாவோடு ஓயாத சண்டை வேறு. தம்பி முதலில் முகலாயர் பக்கம் போனார், அண்ணன் பின்னால் போனார். அக்பர் 5,000 மன்சப் (முகலாயப் பதவித் தகுதி) கொடுத்து வைத்துக்கொண்டார். தலைநகரால் காப்பாற்ற முடியாதபோது ஆளுநர் பக்கத்து அரசரிடம் போகிறார். இதில் அச்சம் இருக்கிறது, ஆனால் இஸ்ஃபஹானைப் பார்த்த அச்சம் என்று சொல்ல முடியாது. இஸ்ஃபஹான் அப்போது தலைநகரே இல்லை, கஸ்வீன்தான்.

#9 கோட்டைவாசல் எழுதியது:

சரி, தலைநகர் பற்றிய திருத்தம் சரியானது, நன்றி. 1595இல் உஸ்பெக் அச்சம்தான் பெரியது என்பதையும் ஏற்கிறேன். ஆனால் ஒன்று. ஷா இரண்டாம் இஸ்மாயில் 1576-77இல் சபவி இளவரசர்களைத் தேடித்தேடிக் கொன்றார். அந்தக் குடும்பத்தில் பிழைத்த பிள்ளைகள்தான் இந்த அண்ணன் தம்பி. புதிதாக வந்த ஷா அப்பாஸ் தங்களைக் காப்பாற்றுவார் என்று அவர்களால் எப்படி நம்பியிருக்க முடியும்? இரண்டு அச்சமும் சேர்ந்தே இருந்தன என்று மாற்றிச் சொல்கிறேன்.

#10 வடகரை எழுதியது:

1709 பற்றி யாரும் பேசவில்லை, நான் தொடங்குகிறேன். அது முந்தைய இரண்டிலிருந்தும் முற்றிலும் வேறு. அங்கே பயந்தது ஆளுநர் இல்லை, ஆளப்பட்டவர்கள்.

குர்கீன் கான் என்பவர் யார்? ஜார்ஜியாவின் கர்த்லி நாட்டு அரசர் பதினொன்றாம் கியோர்கி. 1688இல் ஷா சுலைமான் அவரைப் பதவியிலிருந்து இறக்கினார். பின்னர் அடுத்த ஷாவான சுல்தான் ஹுசைன் காலத்தில் பணிந்து வந்தார். 1699இல் பலூச்சிகளை அடக்கக் கெர்மானுக்கு அனுப்பினார்கள், வேலையைச் சரியாகச் செய்தார். 1704இல் ஜார்ஜியப் படையோடு காந்தஹாருக்கு பெக்லர்பெகியாக வந்தார். இதில் என்னை வியக்கவைப்பது, கர்த்லி அரசர் பட்டமும் 1703இல் அவருக்குத் திரும்பக் கிடைத்திருந்தது. அரசர் காந்தஹாரில், அவர் நாட்டைப் பிரதிநிதியாக ஆள்வது தம்பி மகன் வக்தாங். பேரரசின் மேற்கு எல்லையையும் கிழக்கு எல்லையையும் ஒரே குடும்பத்தின் தோளில் ஏற்றியிருந்தார்கள். அத்தனை ஆள் பஞ்சம்.

படைத்தலைவராக அவர் திறமைசாலி. ஆனால் அந்த மாகாணம் அவருக்கு அடக்க வேண்டிய இடமாக மட்டுமே தெரிந்தது. அவருடைய வீரர்கள் செய்த அடாவடி பற்றிப் பல பக்கமிருந்தும் எழுத்து இருக்கிறது. ஷியா அரசு, ஜார்ஜியப் படை, சன்னி ஆப்கன் குடிகள். அந்த ஆப்கன் குடிகளில் ஒன்றான கில்ஜிகள் அரசவைக்கு முறையீடு அனுப்பினார்கள், பயனில்லை.

இங்கேதான் ஏட்டுச்சுவடி சொன்ன கலாந்தர் வருகிறார். கில்ஜித் தலைவர் மிர்வைஸ்தான் காந்தஹாரின் கலாந்தர். மக்கள் குறையை மேலே சொல்வது அவருடைய பதவிக் கடமை. குர்கீன் கான் அவரை ஆபத்தானவர் என்று முத்திரை குத்தி இஸ்ஃபஹானுக்குக் கைதியாக அனுப்பினார். அனுப்பியதுதான் பிழை. அங்கே போய் மிர்வைஸ் அரசவையைக் கண்ணாரப் பார்த்தார். யார் யாருக்கு எதிரி, ஜார்ஜியர்களை வெறுக்கும் கூட்டம் எது, ஷா எவ்வளவு மென்மையானவர் என்று எல்லாம் புரிந்துகொண்டார். அவர்கள் நம்பிக்கையையும் பெற்றார். ஹஜ் போய், இந்த ஆட்சிக்கு எதிராக எழுவது தகும் என்று மக்காவில் தீர்ப்பு வாங்கினார். அந்தச் சமயம் ரஷ்ய அரசரின் தூதராக இஸ்ரேல் ஓரி என்ற ஆர்மீனியர் வந்ததையும் மிர்வைஸ் பயன்படுத்திக்கொண்டார் என்று, இஸ்ஃபஹானில் வாழ்ந்த போலந்துப் பாதிரியார் குருசின்ஸ்கி எழுதுகிறார். ஜார்ஜியர்கள் ரஷ்யாவோடு கைகோத்துவிடுவார்கள் என்ற சந்தேகத்தை விதைத்தாராம். முடிவில் கைதியாகப் போனவரை மரியாதையோடு அதே ஊருக்குத் திருப்பி அனுப்பினார்கள், அவரைக் கைது செய்த ஆளுநர் அங்கேயே பதவியில் இருக்கும்போது!

1709 ஏப்ரலில், படையின் ஒரு பகுதி வெளியே போயிருந்த நேரம், நகருக்கு வெளியே வைத்து குர்கீன் கானும் அவருடன் இருந்தவர்களும் கொல்லப்பட்டார்கள்.

#11 ஏட்டுச்சுவடி எழுதியது:

வடகரை, மிக நன்றாகச் சொன்னீர்கள். ஒன்றைச் சேர்க்கிறேன். அமைப்பு அன்று வேலை செய்யாமல் இல்லை. கண்காணிப்பதற்கு ஏற்படுத்திய எல்லா வழியும் திறந்தே இருந்தது: முறையீடு போனது, கலாந்தர் நேரில் வந்தார், ஆளுநர் எச்சரிக்கை அனுப்பினார். இத்தனை கடிதமும் வந்துசேர்ந்த இடத்தில் முடிவெடுக்க ஆள் இல்லை. ஷா அப்பாஸ் ஒன்று குர்கீனை மாற்றியிருப்பார், இல்லையென்றால் மிர்வைஸைத் திரும்ப விட்டிருக்க மாட்டார். சுல்தான் ஹுசைன் இருவரையும் ஒரே ஊரில் வைத்தார்.

#12 கோட்டைவாசல் எழுதியது:

என் முதல் பதிவை இப்போது திருத்திப் படிக்கிறேன். வடகரை சொன்னதுபோல 1709இல் அச்சம் மக்கள் பக்கம் இருந்தது. நான் ஆளுநரையும் அரசரையும் மட்டுமே பார்த்துக்கொண்டிருந்தேன். கில்ஜிகளை மறந்தேபோனேன். ஒரு நூற்றாண்டுக்கு மேல் காந்தஹாரை ஆண்டும், அந்த மண்ணின் குடிகளை வைத்தே அதை ஆள்வது பற்றி இஸ்ஃபஹான் யோசித்ததாகத் தெரியவில்லை. ஜார்ஜியாவில் உள்ளூர் அரச குடும்பத்தையே வாலி என்று வைத்தார்கள். குர்திஸ்தான், லூரிஸ்தான், அரபிஸ்தான் வாலிகளும் அப்படித்தான், அந்த மண்ணின் பரம்பரைத் தலைவர்கள். காந்தஹாருக்கு மட்டும் எப்போதும் வெளியிலிருந்து ஆள்.

#13 மணல்மேடு எழுதியது:

இதை நான் முழுமனதோடு ஏற்கிறேன். ஏன் வாலி முறை அங்கே வரவில்லை என்றால், முகலாயர் அருகில் இருந்ததுதான். உள்ளூர்த் தலைவர் கையில் கோட்டையைக் கொடுத்தால் இரு பேரரசுக்கும் நடுவே பேரம் பேசுவார் என்ற பயம். ஆனால் வெளியிலிருந்து வந்த இளவரசரும் கானும்தான் முகலாயர் பக்கம் போனார்கள்.

#14 நெய்தல்வெளி எழுதியது:

அலி மர்தான் கான் பிறகு என்ன ஆனார்? 1709க்குப் பின் கோட்டை என்ன ஆனது? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

#15 வடகரை எழுதியது:

அலி மர்தான் கானை ஷாஜஹான் லாகூரில் பெரும் மரியாதையோடு வரவேற்றார். காஷ்மீர், லாகூர், காபூல் என்று ஆளுநர் பதவிகள் கிடைத்தன. ராவி ஆற்றிலிருந்து லாகூருக்குக் கால்வாய் வெட்டுவித்தார், ஷாலிமார் தோட்டத்து நீரூற்றுகளுக்கு அந்தத் தண்ணீர்தான் போனது. 1657இல் இறந்தார், கல்லறை லாகூரில் இருக்கிறது. அப்பா கட்டிய சதுக்கம் கெர்மானில், மகன் வெட்டிய கால்வாய் லாகூரில்.

காந்தஹாரை மீட்க 1711இல் குர்கீனின் தம்பி மகன் குஸ்ரோ கானை அனுப்பினார்கள். கோட்டையை முற்றுகையிட்டார், முடியவில்லை, திரும்பும்போது கொல்லப்பட்டார். மிர்வைஸ் 1715இல் இறந்தார். அவர் மகன் மஹ்மூத் 1722 மார்ச்சில் குல்னாபாதில் சபவிப் படையைத் தோற்கடித்து, அக்டோபரில் இஸ்ஃபஹானையே பிடித்தார். சுல்தான் ஹுசைன் தன் கையாலேயே முடியை அவருக்குக் கொடுத்தார்.

பின்னர் ஈரானின் அரசரான நாதிர் ஷா 1738இல் நீண்ட முற்றுகைக்குப் பிறகு காந்தஹாரைப் பிடித்து, பழைய நகரை இடித்துத் தள்ளினார். இன்றைய காந்தஹார் நகரம் அஹ்மத் ஷா துரானி பின்னர் கட்டியது. நாம் இத்தனை பதிவில் பேசிய கோட்டையின் மண்மேடுகள் அதற்கு மேற்கே, மலையடிவாரத்தில் கிடக்கின்றன.